ஒரு முதலீட்டுத் தொகுப்பைக் காலநிலை இலக்குகளோடு பொருத்துவது என்றால் நடைமுறையில் என்ன செய்ய வேண்டும்?

முதலில், உங்கள் முதலீட்டின் பங்காக வரும் பசுங்குடில் வாயு உமிழ்வை அளக்க வேண்டும். முதலீட்டோடு சேர்ந்து வரும் உமிழ்வைக் கணக்கிட நிதி நிறுவனங்கள் பரவலாகப் பின்பற்றும் பிசிஏஎஃப் (PCAF) முறையில் கணக்கு இப்படிப் போகும். பங்குகளின் சந்தை மதிப்பும் கடனும் சேர்ந்தது நிறுவனத்தின் மொத்த மதிப்பு. கையிருப்புப் பணத்தை அதிலிருந்து கழிக்கக் கூடாது. உங்கள் முதலீடு 10 கோடி, மொத்த மதிப்பு 1,000 கோடி, ஆண்டு உமிழ்வு 2 லட்சம் டன் என்றால் உங்கள் கணக்கில் வருவது 1 சதவீதம், அதாவது 2,000 டன். கோடிக்கு 200 டன்.

சறுக்கல் இங்கேதான். கடன் மிகக் குறைவான அந்த நிறுவனத்தின் பங்கு விலை ஏறி, மொத்த மதிப்பு 2,000 கோடி ஆகிறது என்று வையுங்கள். உங்களிடம் இருப்பது பங்கு என்றால் அதுவும் ஏறத்தாழ 20 கோடியாகும். டன் மாறாது, ஆனால் கோடிக்கு 100 டன் என்று பாதியாகிவிடும். கடன் பத்திரம் என்றால் இன்னும் மோசம்: முதலீடு 10 கோடியிலேயே நிற்க, உங்கள் டன் கணக்கே 1,000 ஆகச் சுருங்கும். ஆலையின் புகைபோக்கியில் எந்த மாற்றமும் இல்லை! அதனால் ஒவ்வோர் ஆண்டும் குறைப்பை மூன்றாகப் பிரித்துப் பாருங்கள்: நிறுவனங்கள் உண்மையில் குறைத்தது, வாங்கி விற்றதால் குறைந்தது, சந்தை மதிப்பு மாறியதால் குறைந்தது. முதல் எண்தான் வளிமண்டலத்துக்குப் பொருட்டு.

இலக்குக்கு நல்ல அளவுகோல், ஐரோப்பிய ஒன்றியத்தின் பாரிஸ் ஒப்பந்தக் குறியீட்டு விதிகள். கார்பன் செறிவு (முதலீட்டு மதிப்புக்கு எத்தனை டன் உமிழ்வு என்ற எண்), பங்குகளைத் தேர்ந்தெடுக்கும் மூலத் தொகுப்பைவிடத் தொடக்கத்திலேயே 50 சதவீதம் குறைவாக இருக்க வேண்டும். பிறகு ஆண்டுக்குச் சராசரியாக 7 சதவீதம் குறைய வேண்டும். கூட்டுக்கணக்கில் பத்தாண்டில் பாதிக்கும் கீழே வந்துவிடும். வருவாயில் 1 சதவீதமோ அதற்கு மேலோ நிலக்கரியிலிருந்து வந்தால் அந்த நிறுவனத்துக்கு இடமில்லை. எண்ணெய்க்கு 10, எரிவாயுவுக்கு 50.

சிமென்ட்டை விற்று ஐடி பங்கு வாங்கி எண்ணைக் குறைக்கும் வழியையும் இந்த விதி அடைக்கிறது: அதிக உமிழ்வுத் துறைகளின் எடை மூலத் தொகுப்பைவிடக் குறையக் கூடாது. ஆனால் உற்பத்தித் துறை முழுவதும் அந்த வகையிலேயே சேர்வதால், சிமென்ட்டுக்குப் பதில் மருந்து நிறுவனத்தை வாங்கினாலும் விதி நிறைவேறிவிடும். எனவே துறைக்குள்ளேயே ஒப்பிடுங்கள். சிமென்ட் உமிழ்வில் பெரும்பகுதி எரிபொருளிலிருந்து வருவதில்லை. சுண்ணாம்புக்கல் சூளையில் சிதையும்போதே கரியமில வாயு வெளியாகிறது. ஆலைக்கூரையில் சோலார் பலகை பதித்த படத்தைப் பார்த்து மயங்க வேண்டாம். ஒரு டன் சிமென்ட்டில் கிளிங்கர் (சூளையில் சுண்ணாம்புக்கல்லைச் சுட்டு எடுக்கும் கட்டி) எவ்வளவு, அது ஆண்டுக்காண்டு குறைகிறதா, மூலதனச் செலவு எதற்குப் போகிறது என்று கேளுங்கள். பதில் வராவிட்டால் பங்குதாரர் கூட்டத்தில் இயக்குநர் மறுநியமனத்துக்கு எதிராக வாக்களிக்கலாம். விற்பது அதற்குப் பிறகுதான்.

இந்தியப் பங்குகளுக்குத் தரவு எங்கே? பங்குச் சந்தை ஒழுங்குமுறை அமைப்பான செபி, சந்தை மதிப்பில் முதல் 1,000 பட்டியல் நிறுவனங்களுக்கு 2022-23 முதல் கட்டாயமாக்கிய பிஆர்எஸ்ஆர் (BRSR) என்ற பொறுப்பு, நிலைத்தன்மை அறிக்கையில், சுற்றுச்சூழலைப் பற்றிய ஆறாவது கோட்பாட்டின் கீழ் ஸ்கோப் 1 (நிறுவனத்தின் நேரடி உமிழ்வு), ஸ்கோப் 2 (வாங்கும் மின்சாரம் போன்றவற்றின் உமிழ்வு) எண்கள் இருக்கும். ஸ்கோப் 3, அதாவது சப்ளையர்களிடமும் விற்ற பொருளின் பயன்பாட்டிலும் வரும் உமிழ்வு, அங்கே விருப்பத்துக்கு விடப்பட்டது. கார் நிறுவனத்தின் உமிழ்வில் மிகப் பெரிய பகுதி, அது விற்ற வண்டிகள் எரிக்கும் எரிபொருளில்தான் இருக்கிறது. அந்தக் கட்டம் காலியாக இருந்தால் பூஜ்யம் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். துறைச் சராசரியை இட்டு, அது மதிப்பீடு என்று குறித்து வையுங்கள்.