ரிப்போர்ட் திரும்பி வருகிறது என்று கேட்ட தம்பிக்கு

தம்பி, கேள்வியை ரொம்ப நீளமாகவே கேட்டிருக்கிறீர்கள். திருச்சியில் எம்.எஸ்.டபிள்யூ. (சமூகப்பணி முதுகலை) முடித்து, இங்கிலாந்தில் டெர்பி பக்கத்தில் ஒரு கவுன்சிலின் (உள்ளாட்சி மன்றம்) குழந்தைகள் பிரிவில் சேர்ந்திருக்கிறீர்கள். ஒரு குடும்பத்தைப் பார்த்து மதிப்பிட்டு அசெஸ்மென்ட் ரிப்போர்ட் எழுதிக் கொடுத்தால் மேனேஜர் ஓரத்தில் "அனாலிசிஸ் எங்கே? என்ன தியரி? என்ன ஆதாரம்?" என்று எழுதித் திருப்பி அனுப்புகிறார். என்ன புத்தகம் வாங்கலாம், எந்த ஏரியாவில் வாடகை குறைவு, குளிர் கோட்டு எங்கே வாங்குவது, லைசென்ஸ், தற்காலிக ஆள் அனுப்பும் ஏஜென்சிக்கு மாறினால் மணிக்கு எவ்வளவு என்று வரிசையாகக் கேட்கிறீர்கள். முதல் கேள்விக்குத்தான் என்னிடம் ஒழுங்கான பதில் இருக்கிறது. மற்றதைக் கடைசியில் பார்க்கலாம்.

புத்தகம் இப்போதைக்கு வேண்டாம். தியரி உங்களிடம் தேவைக்கு மேலேயே இருக்கிறது. பெர்ல்மனின் நான்கு 'பி', பீஸ்டெக்கின் ஏழு கொள்கைகள், மனிதத் தேவைகளை அடுக்கிக் காட்டும் மாஸ்லோவின் பிரமிடு எல்லாம் நம் ஊர் எம்.எஸ்.டபிள்யூ. பிள்ளைகளை நடுராத்திரி எழுப்பிக் கேட்டாலும் ஒப்பிப்பார்கள். ஆனால் அது பத்து மார்க் கேள்விக்காகப் படித்த படிப்பு. ஃபீல்டு வொர்க் போனோம், திரும்பி வந்து ரெக்கார்டு எழுதினோம், மேடம் கையெழுத்துப் போட்டார். வகுப்பில் படித்ததைக் களத்தில் என்ன செய்தாய் என்று ஒருவரும் கேட்கவில்லை. இங்கே அதைத்தான் கேட்கிறார்கள்.

நான் 2004இல் வந்தவள். இந்தியா, ஜிம்பாப்வே, தென்னாப்பிரிக்கா என்று கவுன்சில்கள் ஆள் எடுத்துக்கொண்டிருந்த காலம். வட இங்கிலாந்தில் ஒரு நகரம், நவம்பர் மாதம், நாலரை மணிக்கெல்லாம் இருட்டு. பக்கத்து சீட்டில் தெரு வரைபடப் புத்தகத்தை விரித்து வைத்துக்கொண்டு வீடு தேட வேண்டும். போனில் பேசினால் அவர்கள் சொல்வது எனக்குப் புரியாது, நான் சொல்வது அவர்களுக்குப் புரியாது. என்னுடைய முதல் ரிப்போர்ட்டை மேனேஜர் பச்சை மையில் "ஸோ வாட்?" என்று மட்டும் எழுதி மேஜையில் போட்டுவிட்டுப் போய்விட்டார். என்ன எதிர்பார்க்கிறீர்கள் என்று போய்க் கேட்டால் தோளைக் குலுக்கினார். கூடச் சேர்ந்த வெள்ளைக்காரப் பெண்களுக்கு டீ குடிக்கும் நேரத்தில் உட்கார வைத்துச் சொல்லிக் கொடுத்ததை எனக்கும் ஒரு தடவை சொல்லியிருக்கலாம். அந்த ஆத்திரம் இன்னும் அடங்கவில்லை. அதனால்தான் உங்களுக்கு இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

உங்கள் மேனேஜர் கேட்பது இதைத்தான். வீட்டில் என்ன நடக்கிறது என்று மூன்று பக்கம் எழுதிவிட்டீர்கள். அதனால் அந்தக் குழந்தைக்கு இன்றைக்கு என்ன ஆகிறது, இப்படியே போனால் ஆறு மாதத்தில் என்ன ஆகும், அதை எதை வைத்துச் சொல்கிறீர்கள்? நம் ஆட்களில் பலர் மூன்று பக்கம் கதை எழுதிவிட்டு, ரசத்தை இறக்கும்போது கொத்தமல்லி தூவுகிற மாதிரி கடைசிப் பத்தியில் "பௌல்பியின் கூற்றுப்படி" என்று தூவுகிறார்கள் (குழந்தைக்கும் வளர்ப்பவருக்கும் உள்ள பிணைப்பை, 'அட்டாச்மென்ட்'டை, பற்றி எழுதியவர் அவர்). அப்படி ஒரு பத்தி வாட்ஸ்அப் குழுக்களில் வருடக்கணக்காகச் சுற்றுகிறது. ஒரு முறை என் பார்வைக்கு வந்த ரிப்போர்ட்டில் அந்தப் பத்தியோடு வேறொரு குழந்தையின் பெயரும் சேர்ந்தே வந்திருந்தது. அது அப்படியே கோர்ட்டுக்குப் போயிருந்தால் எழுதியவரின் பதிவுக்கே ஆபத்து. இந்த நாட்டில் 'சோஷியல் வொர்க்கர்' என்று யார் வேண்டுமானாலும் போட்டுக்கொள்ள முடியாது, அது சட்டம் காக்கும் பட்டம். நம்மைப் பதிவு செய்யும் அமைப்பான சோஷியல் வொர்க் இங்கிலாந்தின் பதிவேட்டிலிருந்து பெயரை எடுத்துவிட்டால் வேலை போச்சு, அதோடு விசாவும் போச்சு.

ஒரு கேஸ் சொல்கிறேன், ஆள் தெரியாதபடி விவரங்களை மாற்றியிருக்கிறேன். இரண்டு வயதுப் பையன். அம்மாவுக்கு மனச்சோர்வு, மாத்திரை எடுக்கிறாள். சின்னக் குழந்தைகள் உள்ள வீடுகளுக்குப் போய்ப் பார்க்கும் நர்ஸான ஹெல்த் விசிட்டர் கவலைப்பட்டு எங்களுக்கு எழுதியிருந்தார். நானும், படிப்பு முடித்துப் புதிதாக வந்த ஒரு பெண்ணும் போனோம். டிவி அலறுகிறது. பையன் தரையில் உட்கார்ந்து ஒரு பிளாஸ்டிக் லாரியைக் கவிழ்த்து வைத்து அதன் சக்கரத்தைச் சுற்றிக்கொண்டிருக்கிறான். அம்மா அவனைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் திரும்பவில்லை. அவள் எழுந்து சமையலறைக்குப் போனாள், அவன் ஏறிட்டும் பார்க்கவில்லை. சோபா விளிம்பில் நெற்றியை இடித்துக்கொண்டு அழுதவன், அம்மாவிடம் போகாமல் என்னிடம் வந்து என் பையின் ஜிப்பைப் பிடித்துக்கொண்டு நின்றான். நான் தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தேன். இது நம் ஊர்க்காரர்களின் பலம் தம்பி, விட்டுவிடாதீர்கள். இங்கத்தியர்கள் சோபா நுனியில் உட்கார்ந்து மடியில் நோட்டை வைத்துக்கொண்டு குழந்தையைக் குனிந்து பார்ப்பார்கள்.

ஆபீசுக்கு வந்ததும் அந்தப் பெண் 'அவாய்டன்ட் அட்டாச்மென்ட்', அதாவது அம்மாவை நாடாமல் ஒதுங்கும் பிணைப்பு, என்று டைப் அடித்துவிட்டாள். கெட்டிக்காரிதான், படித்த படிப்பு அப்படி. மேரி ஐன்ஸ்வொர்த் என்ற உளவியலாளர் அந்தப் பிணைப்பு வகைகளைப் பிரித்தது ஒன்று, ஒன்றரை வயதுக் குழந்தைகளை வைத்து. தனி அறை, பொம்மைகள், அம்மா வெளியே போய்த் திரும்பி வருவது என்று எல்லாம் முன்கூட்டியே வகுத்த இருபது நிமிடச் சோதனை. பயிற்சி பெற்றவர்கள் பார்த்து வகைப்படுத்துவார்கள். டிவி அலறுகிற வீட்டில் அரை மணி நேரம் உட்கார்ந்துவிட்டு வந்து அந்தப் பெயரைச் சூட்ட நமக்கு அதிகாரம் கிடையாது. எதைப் பார்த்தோமோ அதைத் தேதியோடு, நேரத்தோடு எழுதலாம். பிறகு, இதற்கு என்னென்ன காரணம் இருக்க முடியும் என்று யோசிக்கலாம். அம்மாவின் சோர்வா? வளர்ச்சியில் ஏதாவது குறையா? எங்களைக் கண்டு மிரண்டானா? காது கேட்கிறதா?

வேறு நேரத்தில் போய்ப் பார்த்தோம், நர்சரியில் விசாரித்தோம், ஹெல்த் விசிட்டர் காதுப் பரிசோதனைக்கு அனுப்பினார். நடுக்காதில் பசை போலத் திரவம் தேங்கியிருந்தது. 'க்ளூ இயர்' என்பார்கள், சின்னப் பிள்ளைகளிடம் சகஜம். காதோடு கதை முடியவில்லை. பையன் திரும்பாததால் அம்மா கூப்பிடுவதைக் குறைத்துக்கொண்டிருந்தாள். 'என்னை அவனுக்குப் பிடிக்கவில்லை' என்பது அவள் மனதில் ஊறிப்போயிருந்தது, சோர்வு அதில் இன்னும் கூடியது. இங்கேதான் பௌல்பி உதவுவார். குழந்தை அழைக்க, பெரியவர் பதில் கொடுக்க என்று ஓடும் அந்தச் சக்கரம் எந்த இடத்தில் நின்றது என்று தேட வைப்பார். ரிப்போர்ட்டில் அவர் பெயரே வர வேண்டியதில்லை. அம்மாவுக்கு என்ன உதவி, எத்தனை வாரத்துக்கு, அது பலித்தால் நாம் எதைப் பார்ப்போம் என்பது வந்தால் போதும்.

முதலில் தோன்றியதைப் பிடித்துக்கொண்டு தொங்குவதுதான் இந்த வேலையில் ஆளைக் கவிழ்ப்பது. எய்லீன் மன்ரோ என்ற ஆய்வாளர் குழந்தைப் பாதுகாப்பு தவறிய கேஸ்கள் பற்றி 1973 முதல் 1994 வரை வந்த 45 விசாரணை அறிக்கைகளை அலசி 1999இல் இதையேதான் எழுதினார். புதுத் தகவல் கண் முன்னால் கிடந்தும் பழைய முடிவை மாற்ற மனசு வராது. அதனால் ஒவ்வொரு கேஸிலும் 'நான் நினைப்பது தப்பு என்றால் எதைப் பார்ப்பேன்?' என்று ஒரு வரி எழுதிப் பழகுங்கள். உங்கள் மேனேஜரின் பாதிக் கேள்விகள் அதிலேயே அடங்கிவிடும்.

அடுத்த எச்சரிக்கை நமக்கென்றே உள்ளது. டீமில் ஒரு தெற்காசியக் குடும்பம் வந்தால் எல்லோரும் உங்கள் பக்கம் திரும்பி, "உங்கள் கலாசாரத்தில் இதெல்லாம் சகஜமா?" என்பார்கள். பெருமையாக இருக்கும். பதில் சொல்லிவிடாதீர்கள். விக்டோரியா கிளிம்பி என்ற எட்டு வயதுக் குழந்தை 2000 பிப்ரவரியில் லண்டனில் செத்துப்போனாள். உடம்பில் 128 காயங்கள், தழும்புகள். ஐவரி கோஸ்ட்டிலிருந்து பெரிய அத்தை முறை உள்ளவள் கூட்டி வந்த பிள்ளை. அவள் முன்னால் அந்தக் குழந்தை விறைப்பாக நிற்பதை, ஆப்பிரிக்க-கரீபியக் குடும்பங்களில் பெரியவர்களுக்குக் காட்டும் மரியாதை இது என்று எடுத்துக்கொண்டார்கள். பயந்து நின்றிருக்கிறது பிள்ளை. அவள் சாவை விசாரித்த லார்ட் லேமிங் 2003இல் கொடுத்த அறிக்கையில் 108 பரிந்துரைகள், அடுத்த வருடம் சட்டமே மாறியது. 'கலாசாரம்' என்று ஒரு சொல்லைப் போட்டதும் மேற்கொண்டு பார்ப்பதை நிறுத்திவிடுகிறோம் என்பதுதான் நான் அதில் எடுத்துக்கொண்டது.

இன்னொன்று. திருச்சிக்காரர் நீங்கள், வன்னியில் போரைப் பார்த்துவிட்டு வந்த குடும்பத்தைப் பற்றி உங்களுக்கு என்ன தெரியும்? பாஷை தெரியும், அவ்வளவுதான். சாதாரணமாக அவர்களிடமே கேளுங்கள். "தம்பி நம்ம ஆள்தானே, பிள்ளையைக் கண்டிச்சுத்தானே வளர்க்கணும், கொஞ்சம் பார்த்து எழுதுங்கோ" என்று யாராவது காதோரம் சொன்னால், அதையும் தேதி போட்டு எழுதி வையுங்கள். பிள்ளையை அடிப்பது பற்றிய சட்டம் பிரிட்டனில் பகுதிக்குப் பகுதி வேறு. ஸ்காட்லாந்து 2020இலும் வேல்ஸ் 2022இலும் முழுசாகத் தடை செய்துவிட்டன.

பராமரிப்புக் குறைபாடு கேஸ்கள்தான் உங்களுக்கு அதிகம் வரும். அடுப்படியில் அழுக்குப் பாத்திரம், விரிப்பில்லாத மெத்தை, தவறவிட்ட பல் டாக்டர் அப்பாயின்ட்மென்ட். தனித்தனியாகப் பார்த்தால் எதுவும் பெரிதாகத் தெரியாது. உங்கள் கவுன்சிலில் 'கிரேடட் கேர் புரொஃபைல்' பயிற்சி இருந்தால் முதல் ஆளாகப் பெயர் கொடுங்கள். 1990களில் லூட்டனில் ஸ்ரீவஸ்தவா என்ற குழந்தை மருத்துவர், போல்னே என்பவரோடு சேர்ந்து கொண்டு வந்தது. நம் நாட்டுப் பெயர் என்பதால் எனக்கு அதில் ஒரு தனிப் பாசம். உடல் பராமரிப்பு, பாதுகாப்பு, அன்பு, மதிப்பு என்று நாலு பகுதி, ஒவ்வொன்றுக்கும் 1 முதல் 5 வரை மதிப்பெண். 5 என்றால் படுமோசம். நன்றாகப் பாருங்கள், நீங்கள் பரீட்சைக்கு வரைந்த மாஸ்லோ பிரமிடுதான் அது. அம்மாவையும் கூட உட்கார வைத்து நிரப்பினால், "வீடு மோசம்" என்ற உங்கள் அபிப்பிராயம் இரண்டு பேரும் விரல் வைத்துப் பேசக்கூடிய ஒன்றாக மாறும்.

ஆதாரம் என்றதும் ஆராய்ச்சிக் கட்டுரை என்று மட்டும் நினைக்காதீர்கள். ஆய்வு, உங்கள் தொழில் அனுபவம், அந்தக் குடும்பம் சொல்வது மூன்றும் சேர்ந்ததுதான் ஆதாரம். ஆய்வைச் சொன்னால் முழுசாகப் படித்துவிட்டுச் சொல்லுங்கள். கோர்ட்டில் பெற்றோர் தரப்பு பாரிஸ்டர் ரொம்ப இனிமையாகக் கேட்பார்: "அந்த ஆய்வில் இருந்த குழந்தைகள் யார்? என் கட்சிக்காரரின் மகளுக்கு அது எப்படிப் பொருந்தும்?" சுருக்கத்தை மட்டும் படித்தவர்கள் அங்கே வியர்ப்பதைப் பார்த்திருக்கிறேன். தத்து கேஸ் ஒன்றில் 2013இல் வந்த 'ரீ பி-எஸ்' தீர்ப்புக்குப் பிறகு நீதிபதிகளும் விடுவதில்லை. குழந்தையைத் தத்துக் கொடுக்கச் சொல்கிறாயா, வீட்டிலேயே வைத்தால் என்ன நன்மை, என்ன கெடுதல், எடுத்தால் என்ன நன்மை, என்ன கெடுதல், எல்லாவற்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டு என்கிறார்கள்.

ஆபீஸ் சுவரில் ஒட்டியிருப்பதையெல்லாம் நிரூபணமானது என்று நம்பவும் வேண்டாம். மேற்கு ஆஸ்திரேலியாவில் பிறந்த 'சைன்ஸ் ஆஃப் சேஃப்டி'யைப் பாதி இங்கிலாந்து தலையில் வைத்துக் கொண்டாடியது. எனக்கும் பிடிக்கும். என்ன கவலை, எது நன்றாக இருக்கிறது, என்ன நடக்க வேண்டும் என்று நேராகக் கேட்கும் முறை. ஆனால் 2018இல் ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்தபோது, குழந்தைகள் வீட்டை விட்டு அரசுப் பராமரிப்புக்குப் போவதை அது குறைக்கிறது என்பதற்குச் சான்று அநேகமாக இல்லை என்று தெரிந்தது. அதனால் தூக்கிப் போட வேண்டியதில்லை. அதைப் பயன்படுத்திவிட்டதாலேயே குழந்தை பத்திரம் என்று நினைக்காமல் இருந்தால் சரி.

சூப்பர்விஷனில், அதாவது மேனேஜரோடு உட்கார்ந்து கேஸ்களைப் பேசும் நேரத்தில், வாயைத் திறங்கள். நம் ஊர்ப் பழக்கத்தில் மேடம் பேசுவார், நாம் தலையாட்டுவோம். இங்கே தலையாட்டினால் இவனுக்குச் சொந்த யோசனை இல்லை என்று எழுதி வைத்துவிடுவார்கள். ஜிம்பாப்வேக்காரர்களைப் பாருங்கள், முதல் வாரத்திலேயே எதிர்த்து வாதாடுவார்கள். நான் பார்த்தவரை மேலே போனவர்களில் அவர்கள்தான் அதிகம். நம் ஆட்கள் வெளியே வந்து குழுவில் புலம்புவார்கள்.

எனக்குக் கற்றுக் கொடுத்தது என் டீமில் இருந்த ஒரு வயதான அம்மா. யார்க்ஷயர்க்காரர், சுரங்கத் தொழிலாளி வீட்டுப் பெண். விசிட் முடிந்ததும் காரை எடுத்து இரண்டு தெரு தள்ளி ஒரு சிப்ஸ் கடை முன்னால் நிறுத்துவார். வினிகர் ஊற்றிய உருளைக்கிழங்கைத் தின்றுகொண்டே, "என்ன நினைச்சேன்னு அப்புறம் சொல்லு. முதல்ல என்ன பார்த்தே?" என்பார். குழந்தையின் காலில் சாக்ஸ் இருந்ததா? பால் புட்டி எங்கே இருந்தது? நாய் யாருக்குப் பயந்தது? எனக்கு அவர் பேச்சே பாதிதான் புரியும். வாயில் ஒரு தியரியின் பெயரும் வராது. அவர் எழுதிய கோர்ட் ஸ்டேட்மென்ட்டைப் பிறகு படித்தேன், மாலை போட்டுக் கும்பிடலாம். ரிட்டையராகும்போது நான் சுட்ட முறுக்கை ஒரு டப்பா நிறையக் கொடுத்தேன். கடிக்க முடியாமல் டீயில் நனைத்துத் தின்றார்.

மீதிக் கேள்விகள். கோட்டு இங்கேயே வாங்குங்கள், ஊர்க் கோட்டு இந்த ஈரக் காற்றுக்குத் தாங்காது. லைசென்ஸ்: இந்திய லைசென்ஸில் குடியேறியதிலிருந்து 12 மாதம் ஓட்டலாம், டெஸ்ட்டுக்குத் தேதி கிடைப்பது குதிரைக் கொம்பு, இன்றே பதியுங்கள். ஏஜென்சி: உங்கள் விசா அந்தக் கவுன்சிலோடு கட்டிப்போட்டது, இப்போது அந்தப் பக்கம் தலைவைத்துப் படுக்க வேண்டாம். வாடகை எனக்குத் தெரியாது, டெர்பியில் நான் இருந்ததில்லை. லேமிங் அறிக்கை இணையத்தில் இலவசமாகக் கிடைக்கிறது, கொஞ்சம் பெரிசு. ஹோம் விசிட் பற்றிய பகுதிகளை மட்டும் இந்த வாரக் கடைசியில் படித்துவிட்டு, திரும்பி வந்த உங்கள் ரிப்போர்ட்டை ஒரு தடவை எடுத்துப் பாருங்கள்.