பனைக்கு வைரம் வெளியே, வேம்புக்கு உள்ளே: காழ் என்றால் என்ன?

உசிலம்பட்டிப் பக்கத்துக் கிராமத்திலிருந்து ஒரு வாசகர் கேட்கிறார்:

"தாத்தா காலத்து நாட்டு ஓட்டு வீட்டைப் பிரித்துப் புதுப்பிக்கிறோம். கூரையில் இருந்த பனங்கைகளில் (பனையில் அறுத்த கூரைச் சட்டங்களில்) சில இற்றுப்போய்விட்டன. புதிதாகப் பனங்கையும், வாசல் நிலைக்கு வேப்பங்கட்டையும் வாங்க வேண்டும். 'பனைக்கு வைரம் வெளிய, வேம்புக்கு வைரம் உள்ள, பார்த்து வாங்குங்க' என்று ஆசாரி சொல்கிறார். கல்லூரியில் தமிழ் படிக்கும் என் மகள், 'அதுதான் புறக்காழ், அகக்காழ்' என்கிறாள். அகராதியைப் புரட்டினால் காழ் என்பதற்கு விதை, மணிவடம், தூண் என்று என்னென்னவோ போட்டிருக்கிறது. எதை எடுத்துக்கொள்வது? கடையில் எதைப் பார்த்து வாங்குவது?"

ஆசாரியும் மகளும் சொல்வது ஒரே விஷயம்தான். மரத்தைப் பற்றிப் பேசும்போது காழ் என்றால் வைரம். 'வைரம் பாய்ந்த கட்டை' என்கிறோமே, அதே வைரம். தொல்காப்பியத்தின் மரபியலில் இது இரண்டு வரியாக வருகிறது: 'புறக்காழனவே புல்லென மொழிப', 'அகக்காழனவே மரமென மொழிப'. வெளிப்பக்கம் வைரம் உள்ளவை புல், உட்பக்கம் வைரம் உள்ளவை மரம் என்று பொருள். அந்தக் கணக்கில் பனையும் தென்னையும் கமுகும் மூங்கிலும் புல். வேம்பும் தேக்கும் பூவரசும் மரம்.

புறக்காழ் என்றால் பட்டை என்று சிலர் எடுத்துக்கொள்கிறார்கள். அது தப்பு. பட்டை என்பது கட்டையின் மேல் கிடக்கும் தோல். புறக்காழ் கட்டையிலேயே சேர்ந்தது, கட்டையின் வெளிவட்டம். இதை மனதில் வைத்துக்கொண்டால்தான் கடையில் பனையைப் பார்க்கும்போது கண் சரியான இடத்துக்குப் போகும்.

ஏன் ஒன்றுக்கு வெளியேயும் இன்னொன்றுக்கு உள்ளேயும் வைரம் விழுகிறது? வேம்பில் பட்டைக்கும் கட்டைக்கும் நடுவே கேம்பியம் என்ற மெல்லிய வளரும் அடுக்கு ஒன்று இருக்கிறது. அது உள்பக்கமாகப் புதுக் கட்டையைச் சேர்த்துக்கொண்டே போவதால் மரம் பருக்கிறது. புதிதாக விழுந்த வெளிக்கட்டை வேரிலிருந்து தண்ணீரை மேலே ஏற்றும், மாவுச்சத்தைச் சேர்த்து வைக்கும். பள்ளிப் பாடத்தில் இதைச் சாற்றுக்கட்டை என்கிறார்கள். நாளாக நாளாக உள்ளே அமுங்கிப்போன பகுதி அந்த வேலையை நிறுத்திவிடுகிறது. அங்கே இருக்கும் உயிரணுக்கள் சாகின்றன, குழாய்கள் அடைபடுகின்றன, பூச்சிக்கும் பூஞ்சைக்கும் பிடிக்காத பொருள்கள் அங்கே படிகின்றன, நிறமும் கருக்கிறது. இதுதான் வைரக்கட்டை, தொல்காப்பியம் சொல்லும் அகக்காழ்.

பனைக்குக் கேம்பியமே கிடையாது. தண்டு ஆரம்பத்தில் என்ன பருமனில் எழுந்ததோ ஏறக்குறைய அதே பருமனில்தான் கடைசிவரை உயரும். அதன் தண்டு முழுக்க நீரும் உணவும் போகும் கற்றைகள் சிதறிக் கிடக்கின்றன. ஒவ்வொரு கற்றையைச் சுற்றியும் கெட்டியான நார் உறை உண்டு. நடுவில் இந்தக் கற்றைகள் அங்கொன்றும் இங்கொன்றுமாக இருக்கும். வெளிவட்டத்தில் நெருக்கி அடித்துக்கொண்டு நிற்கும். வயது ஏற ஏற அந்த நார்களின் சுவர் தடித்துக்கொண்டே போகும். நடுவில் எஞ்சுவது பஞ்சு போன்ற சோறு. இரும்புக் குழாய்க்கு நடுவில் ஒன்றும் இல்லாவிட்டாலும் அது வளையாமல் நிற்கிறதல்லவா, பனை அத்தனை உயரத்துக்கு ஆடியில் அடிக்கிற காற்றைத் தாங்கி நிற்பதும் அதே கணக்கில்தான்.

இதிலிருந்து இன்னொன்றும் கிடைக்கிறது. இளம் பனைக்கும் முற்றிய பனைக்கும் பருமனில் பெரிய வித்தியாசம் இருக்காது, ஆனால் உறுதியில் மலைக்கும் மடுவுக்கும் உள்ள தூரம். வைரம் ஏறாததைப் பழந்தமிழில் வெளிறு என்றார்கள். புறநானூற்றின் 35ஆம் பாட்டில் 'வெளிற்றுப் பனந்துணி' என்று வருகிறது, அதாவது வைரமில்லாத பனையின் துண்டு. பனையிலேயே காழ் உள்ளது, இல்லாதது என்று பிரித்துப் பார்த்திருக்கிறார்கள். பருமனைப் பார்த்து ஏமாறாமல் வெட்டுமுகத்தைப் பார்த்து வாங்குங்கள் என்று நான் சொல்வதும் இதனால்தான். பனையில் ஆண்டு வளையம் கிடையாது, வளையத்தை எண்ணி வயது சொல்ல வழியில்லை.

சரி, கடைக்குப் போவோம். பனங்கையின் அறுத்த முனையை ஈரத்துணியால் துடைத்துப் பாருங்கள். கறுப்புப் புள்ளிகள் தெரியும். அவைதான் நான் சொன்ன நார்க்கற்றைகள். மரத்தின் வெளிப்பக்கமாக இருந்த ஓரத்தில் புள்ளிகள் இடைவெளி இல்லாமல் கறுத்து நிற்க வேண்டும். அந்தக் கறுப்புப் பட்டை இரண்டு விரல் கனமாவது இருந்தால் நல்ல கை. புள்ளிகள் கலைந்து, இடையில் வெளிர் நிறம் அதிகமாகத் தெரிந்தால் அது இளம் பனை, அல்லது மரத்தின் மேல்துண்டு. ஒரே பனையில் அடிப்பகுதிக்கும் கொண்டைக்குக் கீழே உள்ள பகுதிக்கும் வைரம் ஒன்றாக இருக்காது. அடி முற்றியது, நுனி இளசு. அதனால் 'அடித்துண்டா, மேல்துண்டா' என்று கேட்கத் தயங்காதீர்கள். கடைக்காரர் சொல்லாவிட்டாலும் தூக்கிப் பார்த்தால் தெரிந்துவிடும். ஒரே அளவில் இரண்டு கை எடுத்தால் கனமானதுதான் வைரம் உள்ளது.

தென்னங்கட்டைக்கும் இதே பார்வைதான். அதைத் தரம் பிரிக்கிறவர்கள் எடையைத்தான் அளவுகோலாக வைத்திருக்கிறார்கள். கன மீட்டருக்கு 600 கிலோவுக்கு மேல் இருந்தால் வன்கட்டை, பாரம் தாங்கும். 400 கிலோவுக்குக் கீழே என்றால் மென்கட்டை, கூரைக்கு ஆகாது. இரண்டும் ஒரே தென்னையில் இருக்கும், முன்னது அடியின் வெளிவட்டத்தில், பின்னது நடுவில்.

அப்புறம், பனங்கையின் உள்பக்கம் சோறு ஒட்டிக்கொண்டிருந்தால் ஆசாரியிடம் சொல்லி வாய்ச்சியால் முழுக்கச் செதுக்கி எடுத்துவிடுங்கள். பருமன் குறைகிறதே என்று மனம் கேட்காது, ஆனால் விடாதீர்கள். ஓடு ஒழுகினால் தண்ணீரைக் குடித்து வைத்துக்கொள்வது அந்தச் சோறுதான். கரையானும் அங்கேதான் முதலில் ஏறும். வெளிப்பக்கத்தை மட்டும் வழவழப்புக்காக இழைக்க விடக்கூடாது. நீங்கள் காசு கொடுத்த வைரமே அங்கேதான் இருக்கிறது. அழகு பார்த்து அதை இழைத்துத் தள்ளிய கூரைகள் சில ஆண்டிலேயே நடுவில் தொய்ந்து நிற்பதைப் பார்த்தால் எனக்கு மனது வலிக்கும். கையின் அகலப் பக்கம் படுக்காமல் செங்குத்தாக நிற்கும்படி வையுங்கள், வளைவு குறையும். ஆணி அடிக்கும் இடத்தில் முதலில் துளை போட்டுக்கொள்வது அவசியம். நேராக அடித்தால் நார் வாக்கில் பிளந்துவிடும்.

புதிதாகப் பனை வெட்டி எடுக்கும் யோசனை இருந்தால் கைவிடுங்கள். பனை தமிழ்நாட்டின் மாநில மரம். பனையை வெட்ட வேண்டிய நிலை வந்தால் மாவட்ட ஆட்சியரின் அனுமதி பெற வேண்டும் என்று 2021ஆம் ஆண்டு வேளாண் நிதிநிலை அறிக்கையிலேயே அரசு அறிவித்தது. அனுமதி ஒரு பக்கம் இருக்கட்டும், கூரைக்கு ஆகிற அளவு முற்றிய பனை எழுந்து நிற்க ஒரு தலைமுறைக்கு மேல் ஆகும். திருமங்கலம், மேலூர், உசிலம்பட்டி என்று எந்தப் பக்கம் போனாலும் பழைய ஓட்டு வீடுகளைப் பிரித்துக்கொண்டுதான் இருக்கிறார்கள். அங்கே கிடைக்கும் பழைய பனங்கை புதியதைவிட நல்லது என்பேன். அது நன்றாகக் காய்ந்திருக்கும், வளைய வேண்டியது ஏற்கெனவே வளைந்திருக்கும், பூச்சி தொட்டதா இல்லையா என்பதும் கண்ணுக்குத் தெரியும்.

வேம்புக்கு வருவோம். இங்கே எல்லாம் தலைகீழ். வெட்டுமுகத்தில் நடுவில் செம்பழுப்பாக இருப்பது வைரம், சுற்றிலும் வெளுத்து இருப்பது சாற்றுக்கட்டை. பனையில் எந்த ஓரத்தைக் காப்பாற்றச் சொன்னேனோ, வேம்பில் அந்த ஓரத்தைத்தான் கழித்துக் கட்ட வேண்டும். நிலைக்குச் சட்டம் அறுக்கும்போது வெளுப்பு ஒரு மூலையில் ஓடினாலும் அந்த மூலை தரையில் ஊன்றும் பக்கமாகவோ சுவருக்குள் போகும் பக்கமாகவோ இருக்கக்கூடாது. 'வேம்பைக் கரையான் தொடாது' என்பது வைரத்துக்குத்தான் பொருந்தும். வெளுப்பில் மாவுச்சத்து இருக்கிறது, பூச்சி தேடி வரும். இளவேம்பில் வைரம் கையகலம்கூட இருக்காது. விலை மலிவாக இருக்கிறதே என்று அதை வாங்கினால் முக்கால்வாசி வெளுப்பைத்தான் வீட்டுக்குக் கொண்டுபோவீர்கள். அறுத்த சட்டங்களை நிழலில், இடையிடையே குச்சி வைத்து அடுக்கிக் காய வையுங்கள். வெயிலில் போட்டால் முறுக்கிக்கொள்ளும்.

மகளுக்குச் சில வார்த்தைகள். தொல்காப்பியம் சொல்லும் புல், மரம் என்ற பிரிவு இன்றைய தாவரவியலின் ஒருவிதையிலை, இருவிதையிலைப் பிரிவோடு பெரும்பாலும் ஒத்துப்போகிறது. ஆனால் இரண்டும் ஒன்று என்று தேர்வில் எழுதிவிட வேண்டாம். தொல்காப்பியம் பார்ப்பது வைரம் இருக்கும் இடத்தை, தாவரவியல் பார்ப்பது விதைக்குள் இருக்கும் இலையின் எண்ணிக்கையை. முருங்கை இருவிதையிலைத் தாவரம், ஆனால் அதை அறுத்துப் பார்த்தால் வைரமே கிடையாது. மீனாட்சியம்மன் கோயிலின் தலமரமான கடம்பை எடுத்துக்கொள்ளுங்கள். இன்று நாற்றுப் பண்ணைகளில் கடம்பு என்று கொடுக்கும் மரத்தின் கட்டை ஓரத்திலிருந்து நடுவரை வெளிர் மஞ்சளாக ஒரே மாதிரி இருக்கும். வைரம் எது, வெளுப்பு எது என்று பிரிக்க முடியாது.

உறுப்புகளின் பெயரிலும் அந்த நூல் இரண்டையும் பிரிக்கிறது. ஓலை, மடல், பாளை, ஈர்க்கு, குலை எல்லாம் புல்லுக்கு. இலை, தளிர், அரும்பு, பூ, குழை எல்லாம் மரத்துக்கு. உங்கள் ஊரில் இன்றும் பனையோலை, தென்னம்பாளை என்றுதான் சொல்கிறார்கள். வேப்பிலை என்பார்களே தவிர வேப்ப ஓலை என்று யாரும் சொல்வதில்லை. வாழை போன்ற சில மட்டும் இலை என்று மாறி நிற்கின்றன. பனை புல்லாக இருந்தும் பேச்சில் 'பனை மரம்' என்கிறோம், அதில் தவறில்லை. 'பனை புறக்காழ் உடையது', 'வேம்பு அகக்காழ் உடையது' என்று எழுதினால் போதும்.

அகராதியில் கண்ட மற்ற பொருள்களும் சரியானவைதான், இடம்தான் வேறு. திருக்குறளிலேயே இரண்டு பொருளும் இருக்கின்றன. 'இளைதாக முள்மரம் கொல்க களையுநர் கைகொல்லும் காழ்த்த இடத்து' என்ற 879ஆம் குறளில் காழ்த்தல் என்பது முற்றி வைரம் ஏறுவது. முள்மரத்தை இளசிலேயே வெட்டாவிட்டால் பிறகு வெட்டுகிறவன் கையைப் பதம் பார்க்கும். 1191ஆம் குறளில் 'காழில் கனி' என்று வருகிறது. அங்கே காழ் விதை, அது விதையில்லாத பழம். மணிவடம் என்ற பொருள் சங்கப் பாடல்களில் அணிகலன்களைச் சொல்லும் இடங்களில் வரும். காழ்ப்புணர்ச்சி என்று செய்தித்தாளில் படிக்கிறோமே, மனதுக்குள் பகை முற்றி இறுகுவதைச் சொல்லும் அந்தச் சொல்லும் இதே வேரிலிருந்து வந்ததுதான்.

இற்றுப்போன பழைய கைகளை விறகுக்குப் போடுவதற்கு முன் ஒன்று செய்யுங்கள். பெரும்பாலும் சுவருக்குள் செருகியிருந்த முனையும், ஓடு ஒழுகிய இடத்துக்குக் கீழே இருந்த பகுதியும்தான் போயிருக்கும். கூரான ஆணியால் ஒரு சாண் இடைவெளியில் குத்திக்கொண்டே வாருங்கள். ஆணி இறங்காத நீளத்தை மட்டும் அறுத்து எடுத்து, உள்சோற்றைச் செதுக்கிவிட்டால், ஓட்டைத் தாங்கும் குறுக்குச் சட்டமான வரிச்சுக்கு ஆகும். சுவருக்குள் போகும் புதிய முனைகளுக்கு முந்திரிக்கொட்டையின் ஓட்டிலிருந்து எடுக்கும் எண்ணெய் தடவுவது பழைய வழக்கம், நல்ல வழக்கமும்கூட. கையுறை இல்லாமல் தொட வேண்டாம், தோல் வெந்து கொப்பளித்துவிடும்.