ராயப்பன் மகன் பெட்ரோசியான்

அன்புள்ள ஐயா,

வணக்கம். என் மகன் கனடாவில் வேலை செய்கிறான். அவனுக்கு இப்போது பெண் குழந்தை பிறந்திருக்கிறது. அங்கே பிறப்பைப் பதியும் படிவத்தில் குடும்பப் பெயர் என்று ஒரு கட்டம் இருக்கிறதாம். அவன் பாஸ்போர்ட்டில் அந்த இடத்தில் அவன் அப்பா பெயர்தான் இருக்கிறது. அதனால் ஆபீசில் எல்லாரும் அவனை என் வீட்டுக்காரர் பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார்கள். இவர் அதைக் கேட்டுச் சிரிக்கிறார். எனக்குத்தான் ஒருமாதிரி இருக்கிறது. பேத்திக்கும் அதே பெயரைப் போடுவதா, அவள் அப்பா பெயரைப் போடுவதா? என் மைத்துனர், "நம்ம பழைய பட்டத்தைப் போடுங்க, பரம்பரை விளங்கும்" என்கிறார். வெள்ளைக்காரர்களுக்கும் வடக்கத்தியர்களுக்கும் பரம்பரைப் பெயர் இருக்கிறது. நமக்கு மட்டும் ஏன் இல்லாமல் போயிற்று? நம் முன்னோர்கள் எழுதிவைக்காமல் விட்டுவிட்டார்களா?

ஒரு வாசகி, தண்டையார்பேட்டை

அன்புள்ள அம்மா,

பேத்திக்கு வாழ்த்துகள். உங்கள் மைத்துனர் சொன்னதை முதலில் பார்த்துவிடுவோம். அது வேண்டாம். 1929-இல் செங்கல்பட்டில் நடந்த சுயமரியாதை மாநாட்டில், பெயருக்குப் பின்னால் சாதிப் பட்டம் போடுவதை விட்டுவிட வேண்டும் என்று தீர்மானம் போட்டார்கள். அதற்கப்புறம் இரண்டு மூன்று தலைமுறைக்குள் பள்ளிக்கூட வருகைப் பதிவேட்டிலிருந்தே பட்டங்கள் காணாமல் போயின. இந்த அளவுக்கு அதைச் செய்து காட்டிய இன்னொரு மாநிலத்தைச் சொல்வது கடினம். பட்டத்தைப் போட்டால் பரம்பரை விளங்கும் என்கிறார். அதே பட்டத்தைப் போட்டுக்கொள்கிற லட்சக்கணக்கானவர்களில் உங்கள் குடும்பம் எது என்று அதை வைத்து யாராலும் சொல்ல முடியாது. சாதி மட்டும்தான் விளங்கும். சரி, அது போகட்டும்.

எழுதிவைக்காமல் விட்டுவிட்டோமா என்று கேட்கிறீர்கள். சங்கப் புலவர் ஒருவரின் முழுப்பெயர் மதுரைக் கணக்காயனார் மகனார் நக்கீரனார். ஊர் பெயர், அப்பா பெயர், சொந்தப் பெயர். இன்றைக்கு அவர் ரேஷன் கார்டு வாங்கினால் ம.க. நக்கீரன் என்று எழுதுவார்கள். காஞ்சிபுரம் (அன்றைய இங்கிலீஷில் Conjeevaram, அதனால் 'சி') நடராசன் அண்ணாதுரை சி.என். அண்ணாதுரை ஆனதும் இதே வழியில்தான். இனிஷியல் என்ற சொல் இங்கிலீஷிலிருந்து வந்தது, முறை நம்முடையது. ஆக, விட்டுப்போனது ஒன்றுமில்லை. நம் வழக்கத்தில் அப்பா பெயர் பிள்ளையோடு நின்றுவிடும், பேரனுக்குப் போகாது. அவ்வளவுதான்.

வெள்ளைக்காரர்களின் பெயர்களிலும் பல இப்படித் தொடங்கியவைதான். ராயபுரத்தில் படகோட்டிகள் கட்டிய ராயப்பர் கோயில் உங்களுக்குத் தெரிந்திருக்கும். இயேசுவின் சீடர் பீட்டரைத்தான் நாம் ராயப்பர் என்கிறோம். ராயப்பன் மகனுக்கு நம் ஊரில் 'ரா.' இனிஷியல். அதையே இங்கிலீஷ்காரர்கள் பீட்டர்சன் என்றார்கள், ரஷ்யர்கள் பெட்ரோவ், ஸ்பெயின்காரர்கள் பெரெஸ், ஆர்மேனியர்கள் பெட்ரோசியான். 1963-இல் உலகச் சதுரங்க சாம்பியனான டிக்ரான் பெட்ரோசியானின் பெயருக்கு பெட்ரோஸ் வழிவந்தவர் என்றுதான் அர்த்தம். ஆர்மேனியர் பெயர்களில் வருகிற 'யான்' பெரும்பாலும் இந்த வகைதான். பாரிமுனைப் பக்கம் போனால், நம்மவர் வாயில் அரண்மனைக்காரத் தெருவாகிவிட்ட ஆர்மேனியன் தெருவில் அவர்களின் தேவாலயம் இன்றும் இருக்கிறது. உலகின் முதல் ஆர்மேனியப் பத்திரிகை 1794-இல் இந்தச் சென்னையில்தான் அச்சானது. நடத்தியவர் பெயரும் 'யான்' என்றே முடியும்: ஷமாவோனியான்.

அவர்களுக்கும் நமக்கும் ஒரே ஒரு வித்தியாசம்தான். யாரோ ஒரு பெட்ரோஸின் பெயர் ஏதோ ஒரு தலைமுறையில் உறைந்துவிட்டது. அப்புறம் அப்பா பெயர் எதுவாக இருந்தாலும் பிள்ளை பெட்ரோசியான்தான். நாம் உறையவிடவில்லை. ஐஸ்லாந்துக்காரர்களும் உறையவிடவில்லை. அங்கே யோன் என்பவரின் மகன் யோன்சன், மகள் யோன்ஸ்டோட்டிர். அண்ணனுக்கும் தங்கைக்கும் கடைசிப் பெயர் வேறு. பிரதமரைக்கூட சொந்தப் பெயர் சொல்லித்தான் கூப்பிடுவார்கள். அச்சில் வந்த காலத்தில் டெலிபோன் டைரக்டரியும் சொந்தப் பெயர் வரிசையில்தான் இருந்தது.

பெயரை உறையவைத்தது பல நாடுகளில் அரசாங்கம்தான். வரி வசூலிக்கவும் பட்டாளத்துக்கு ஆள் எடுக்கவும் ஒருவரை எல்லாக் காகிதத்திலும் ஒரே பெயரில் பிடிக்க வேண்டியிருந்தது. ஜப்பானில் சாதாரண ஜனங்கள் எல்லாரும் குடும்பப் பெயர் வைத்தே ஆகவேண்டும் என்று சட்டம் வந்தது 1875-இல். துருக்கியில் 1934-இல்தான். முஸ்தபா கெமால் அட்டாடுர்க் ஆனது அந்த வருஷம். பிலிப்பைன்ஸ் கதை இன்னும் வேடிக்கை. 1849-இல் கிளாவெரியா என்ற ஸ்பானிய ஆளுநர் அகர வரிசையில் குடும்பப் பெயர்ப் பட்டியல் ஒன்றை அச்சடித்து, ஊர் ஊராகப் பக்கங்களைப் பிரித்துக் கொடுத்து, எடுத்துக்கொள்ளுங்கள் என்று உத்தரவு போட்டார். சில ஊர்களில் பெரும்பாலோரின் குடும்பப் பெயர் ஒரே எழுத்தில் தொடங்குவது அதனால்தான். இதில் பரம்பரை எங்கே இருக்கிறது?

மங்கோலியாவில் கம்யூனிஸ்ட் ஆட்சி குலப்பெயர்களை ஒழித்தது. 1990-களில் மறுபடி வைக்கச் சொன்னபோது, ஏகப்பட்ட பேர் செங்கிஸ்கான் குலத்தின் பெயரையே எடுத்துக்கொண்டார்களாம். விண்வெளிக்குப் போய்வந்த குர்ரக்சா மட்டும் விண்வெளி என்றே வைத்துக்கொண்டார். எனக்கு அவரைப் பிடித்திருக்கிறது.

இதற்கெல்லாம் வெளிநாட்டுக்கே போக வேண்டாம். நம் வடசென்னையில் ஒரு தெருவைப் பார்த்தாலே போதும். தமிழ்க்காரர் இனிஷியலில் அப்பா இருக்கிறார், பக்கத்து வீட்டுத் தெலுங்குக்காரர் இனிஷியலில் பரம்பரை பரம்பரையாக வருகிற இண்டிபேரு இருக்கிறது. இரண்டும் ஒற்றை எழுத்துதான், வேலை வேறு. சௌகார்பேட்டையில் கோத்தாரி, பண்டாரி என்று முடியும் பெயர்கள் முன்னோர்கள் களஞ்சியமும் கிடங்கும் பார்த்ததைச் சொல்கின்றன. பர்மாவிலிருந்து வந்து வியாசர்பாடியில் குடியேறிய குடும்பங்களில் வயதானவர்களைக் கேட்டால், பர்மியருக்குக் குடும்பப் பெயர் என்ற ஒன்றே இல்லை என்பார்கள். ஐ.நா. பொதுச்செயலாளராக இருந்த ஊ தாண்ட்டின் பெயர் தாண்ட் மட்டும்தான், 'ஊ' மரியாதைக்கு. காசிமேட்டுச் சவரிமுத்து சுமப்பது பிரான்சிஸ் சேவியரின் குடும்பப் பெயரை; சேவியர்தான் நம் வாயில் சவரி ஆனது. அது ஸ்பெயினின் நவார் பகுதியில் அவர் பிறந்த கோட்டையின் பெயர், பாஸ்க் மொழியில் புதுவீடு. ஒரு வீட்டின் பெயர் குடும்பத்துக்குப் போய், புனிதருக்குப் போய், இங்கே சொந்தப் பெயராக வந்து சேர்ந்திருக்கிறது.

மகனை அப்பா பெயரில் கூப்பிடுகிறார்கள் என்ற உங்கள் வருத்தத்துக்கு வருகிறேன். இதில் பெரிய பெரிய ஆட்களே மாட்டியிருக்கிறார்கள். விஸ்வநாதன் ஆனந்தை உலகம் 'விஷி' என்று கொண்டாடியது. அது அவர் அப்பா பெயர். சி.வி. ராமனும் எஸ். சந்திரசேகரும் சித்தப்பாவும் அண்ணன் மகனும். 1930-இலும் 1983-இலும் இரண்டு பேரும் நோபல் பரிசு வாங்கினார்கள். கடைசிப் பெயரை மட்டும் பார்க்கிற வெளிநாட்டுக்காரருக்கு இவர்கள் உறவுக்காரர்கள் என்று எப்படித் தெரியும்? ராமனின் இனிஷியலில் உள்ள 'சி' அவருடைய அப்பா சந்திரசேகரன். அந்தத் தாத்தாவின் பெயரைத்தான் பேரனுக்கு வைத்தார்கள். 1999-இல் நாசா அனுப்பிய சந்திரா தொலைநோக்கி அந்தப் பெயரோடுதான் சுற்றுகிறது.

இனி படிவம். கட்டத்தைக் காலியாக விடவேண்டாம். பாஸ்போர்ட்டில் ஒற்றைப் பெயர் மட்டும் இருந்தால் அமெரிக்க விசாவில் முதல் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் எஃப்என்யூ, அதாவது 'முதல் பெயர் தெரியாது' என்று போட்டுவிடுவார்கள். 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம் ஒற்றைப் பெயர்க்காரர்களுக்குச் சுற்றுலா விசா கிடையாது என்றது. அப்புறம், பாஸ்போர்ட்டின் கடைசிப் பக்கத்தில் அப்பா பெயர் இருந்தால் போதும் என்று இறங்கிவந்தது.

என்னைக் கேட்டால், அந்தக் கட்டத்தில் உங்கள் மகனின் சொந்தப் பெயரைப் போடலாம். அல்லது மருமகளின் சொந்தப் பெயரை. நம் முறையும் அதுதான். அங்கே சட்டம் எதை அனுமதிக்கிறது என்பதை மட்டும் மகன் விசாரித்துக்கொள்ளட்டும். உங்கள் வீட்டுக்காரர் பெயரைப் போட்டாலும் குற்றமில்லை. ஆனால் அதற்கப்புறம் கொள்ளுப்பேத்தி வரைக்கும் அதுதான் என்று தெரிந்தே போடுங்கள். அப்பாவுக்கும் மகளுக்கும் கடைசிப் பெயர் வேறாக இருந்தால் விமான நிலையத்தில் சில நேரம் கேள்வி வரும். பிறப்புச் சான்றிதழின் நகல் ஒன்று கையில் இருக்கட்டும். எதைப் போட்டாலும் இனிஷியலாகச் சுருக்காமல் விரித்தே எழுதச் சொல்லுங்கள். பிறப்புச் சான்றிதழ், பாஸ்போர்ட், பள்ளிக்கூடம் மூன்றிலும் இங்கிலீஷ் எழுத்துக்கூட்டல் ஒன்றாகவே இருக்க வேண்டும், ஓர் எழுத்துகூட மாறக்கூடாது.