மருமகன் துபாயில் இருக்கிறார்

அன்புள்ள ஐயா,

என் மகளுக்கு திருவனந்தபுரத்தில் வேலை. புருஷனோடு ஒத்துப்போகாமல் ஒன்றரை வருஷமாகத் தனியாக வீடெடுத்து இருக்கிறாள். ஊரில் கேட்பவர்களிடம் மருமகன் துபாயில் இருக்கிறார் என்று சொல்லி வைத்திருந்தேன். போன மாதம் என் தம்பி மகள் கல்யாணத்துக்கு முந்தின ராத்திரி, அவியலுக்குக் காய் நறுக்கிக்கொண்டிருந்த பெண்களுக்கு நடுவில் "நாங்க பிரிஞ்சாச்சு அத்தை" என்று போட்டு உடைத்துவிட்டாள். அன்றிலிருந்து அவளோடு பேசவில்லை. ஒழுக்கமாக வளர்த்த பிள்ளை இப்படி மானத்தை வாங்கலாமா? அவள் நகையெல்லாம் இன்னும் அந்த வீட்டில்தான்.

(பெயர் வேண்டாம், மார்த்தாண்டம் பக்கம்)

அன்புள்ள அம்மா,

உங்கள் மகள் ஒழுக்கம் தவறவில்லை. அத்தை கேட்டாள், உண்மையைச் சொன்னாள், அவ்வளவுதான். நீங்கள் காப்பாற்றப் பார்த்தது ஊர் மரியாதையை. அதை நான் அற்பம் என்று சொல்லமாட்டேன், நாளைக்கு வீட்டில் ஒரு சாவு விழுந்தால் ஓடிவரப்போவதும் அந்தக் காய் நறுக்கிய பெண்கள்தான். ஆனால் அந்த மரியாதைக்கு விலை கொடுத்தது யார்? ஊருக்கு வரும்போதெல்லாம் எந்தக் கம்பெனி, எப்போது லீவு, ஏன் உன்னைக் கூட்டிப்போகவில்லை என்று ஒவ்வொரு வாசலிலும் புதுசு புதுசாகப் பொய் சொல்லவேண்டியிருந்தது அவளுக்குத்தானே அம்மா.

அப்புறம், இந்த மானம் என்பது நம் மண்ணில் எப்போதும் ஒரே மாதிரி இருந்ததும் இல்லை. குமரி மாவட்டம் 1956 நவம்பர் 1 அன்றுதான் தமிழ்நாட்டோடு சேர்ந்தது. அதற்கு முன் நாம் இருந்த திருவிதாங்கூரில், சொத்தும் வம்சமும் தாய்வழியில் போன மருமக்கத்தாய வீடுகளில் ஒரு காலத்தில் ஒரு பெண் ஒத்துவராதவனை விட்டுப் பிரிவதும் வேறொருவனை ஏற்பதும் சர்வசாதாரணம், தறவாட்டில், அதாவது தாய்வழிக் கூட்டுக்குடும்பத்தில், அவளுக்குரிய இடம் அதனால் போய்விடவில்லை.

சரி, நகை விஷயம். சீதனம் பெண்ணின் தனிச்சொத்து என்று உச்ச நீதிமன்றம் 1985-லேயே சொல்லிவிட்டது. இருவரும் சம்மதித்துப் பிரிய இந்து திருமணச் சட்டத்தில் 1976 முதல் வழி இருக்கிறது, ஒரு வருஷம் பிரிந்திருந்தால் மனு போடலாம், உங்கள் மகளுக்கு அது தாண்டிவிட்டது. அந்த மனுவில் கையெழுத்துப் போடுவதற்கு முன்பே ஒவ்வொரு நகையையும் எழுதிச் சேர்க்கவேண்டும். வளையல் எத்தனை பவன், ஆரம் எந்தக் கடையில் எடுத்தது என்பதெல்லாம் அவளைவிட உங்களுக்குத்தான் ஞாபகம் இருக்கும். பில்களைத் தேடி எடுங்கள், இன்றைக்கே அவளுக்கு போன் போடுங்கள்.