பிரிஞ்சி இலையைக் கிள்ளிப் போடாதீர்கள்

கேள்வி: 2 வயது மகனுக்குப் பிரியாணி ஊட்டும்போது ஒரு கிராம்பும் வாய்க்குள் போய்விட்டது. நல்லவேளை, இருமித் துப்பிவிட்டான். இனி முழு மசாலாவை விட்டுவிட்டுப் பொடி மட்டும் போடட்டுமா?

பதில்: விட வேண்டாம் அம்மா. அவன் தட்டுக்குப் போகும் முன் எடுத்துவிட்டால் போதும்.

கிராம்பும் ஏலக்காயும் சமையல் அளவில் கெடுதல் இல்லை. கடினமாக, சின்னதாக இருப்பதுதான் ஆபத்து. இந்த வயதில் கடைவாய்ப் பற்கள் முழுதாக வந்திருக்காது, மூச்சுக்குழாயும் குறுகல்.

எனக்கு அதிக பயம் பிரிஞ்சி இலைதான். கொதித்த இலையை எடுத்து மடித்துப் பாருங்கள்: நடு நரம்பு விறைப்பாகவே நிற்கும், கிழிந்த ஓரம் விரலை உறுத்தும். பெரியவர்களுக்கே அது உணவுக்குழாயில் மாட்டி, எண்டோஸ்கோப்பி மூலம் எடுக்க நேர்ந்திருக்கிறது. அதனால் இலையைக் கிள்ளாமல் முழுதாகப் போடுங்கள், அப்போதுதான் முழுதாக எடுக்கலாம். பட்டையும் அப்படியே: நாலு சில்லுக்குப் பதில் விரல் நீளத்தில் ஒரே துண்டு.

மசாலாவின் மணம் கொழுப்பில் நன்றாகக் கரையும். மிதமான தீயில் தாளியுங்கள். ஏலக்காய் உப்பி வாசனை வந்ததும், வெங்காயம் போடுவதற்கு முன்பே, ஜல்லிக்கரண்டியால் அரித்து எடுத்துவிடுங்கள். வாசனை எண்ணெயில் இருக்கும். 4 கிராம்பு போட்டால் 4 கிராம்பு வெளியே வந்ததா என்று எண்ணுங்கள். குருமாவுக்கு, சுத்தமான மெல்லிய பருத்தித் துணியில் இறுக்கி முடிந்து போடலாம். குக்கரில் இலை தனியே மிதந்தால் ஆவித் துளையை அடைத்துக்கொள்ளவும் இடமுண்டு. முடிச்சு அதற்கும் நல்லது.

பொடியும் போடலாம், கொஞ்சமாக. ஜாதிக்காய் மட்டும் சிட்டிகைக்கு மேல் வேண்டாம், அதிகமானால் நச்சு. வயிற்று வலிக்கென்று கைக்குழந்தைக்கு அன்னாசிப்பூ கொதிக்கவைத்த நீர் தரவே கூடாது. அதைப் போலவே இருக்கும் ஜப்பானிய வகை நஞ்சு. இரண்டும் கலந்துவிட்டால் பார்த்துப் பிரிக்க முடியாது. அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் 2003-லேயே இதற்கு எச்சரிக்கை விடுத்தது.

மறுபடி சிக்கினால், பலமாக இருமுகிறவரை இரும விடுங்கள். வாய்க்குள் விரல் விட்டுத் துழாவாதீர்கள், சோற்று உருண்டையோ வாழைப்பழமோ கொடுத்து உள்ளே தள்ளாதீர்கள். சத்தமே வராமல் திணறினால் முன்பக்கம் குனியவைத்து, தோள்பட்டைகளுக்கு நடுவே உள்ளங்கையின் அடிப்பகுதியால் 5 முறை ஓங்கித் தட்டுங்கள். கூட இருப்பவர் உடனே 108-ஐ அழைக்கட்டும். எல்லாம் சரியானதுபோல் தெரிந்தும் இருமலோ வீசிங்கோ தொடர்ந்தால், அன்றைக்கே டாக்டரிடம் காட்டிவிடுங்கள். சின்னத் துண்டு மூச்சுக்குழாய்க்குள் தங்கியிருக்கலாம்.