வளையல் கிடைத்த பிறகு என்ன படிப்பது?

கேள்வி: எங்கள் அடுக்குமாடிக் குடியிருப்பில் பெண்கள் பத்துப் பன்னிரண்டு பேர் சேர்ந்து மாதம் ஒரு புத்தகம் படித்துப் பேசுகிறோம். போன வருடம் இங்கே ஒரு வீட்டில் தங்க வளையல் காணாமல் போனது. அங்கே பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்த அக்காவைத்தான் எல்லோரும் சந்தேகப்பட்டார்கள். போலீசுக்குப் போகவில்லை. ஆனால் அசோசியேஷன் வாட்ஸ்அப் குழுவில் அவர் படத்தைப் போட்டு, இவரை உள்ளே விட வேண்டாம் என்று செய்தி வந்தது. ஒரே நாளில் நான்கு வீட்டு வேலை போய்விட்டது. என் வீடும் அதில் ஒன்று. சில மாதம் கழித்து வளையல் அந்த வீட்டுப் பீரோவிலேயே கிடைத்தது. அதைப் பற்றி இன்றுவரை யாரும் வாய் திறக்கவில்லை. வீண்பழி, தண்டனை, அநீதி பற்றிய புத்தகங்களை வட்டத்தில் படிக்கலாம் என்று நினைக்கிறேன். எதைப் படிக்கலாம்? படித்து ஏதாவது ஆகுமா?
- பெயர் வெளியிட விரும்பாத வாசகி, கோவை

பதில்: படிப்பதால் மட்டும் அந்த அக்காவுக்கு எதுவும் ஆகாது. உங்கள் வட்டத்துக்கு ஏதாவது ஆகலாம், அதுவும் எதைப் படிக்கிறீர்கள் என்பதைப் பொறுத்து. இந்த வகைக் கதைகளில் நமக்கு ஒரு வசதி இருக்கிறது. பக்கத்தைத் திறந்த உடனே பழி சுமந்தவர் பக்கத்தில் போய் உட்கார்ந்துகொள்வோம். அவருக்காக ஒரு மூச்சு அழுதுவிட்டு, நல்லவர்களாகப் புத்தகத்தை மூடிவிடுவோம். உங்களுக்கு அந்த வசதியைத் தராத புத்தகங்கள் வேண்டும்.

ஒரு சிறுகதையில் தொடங்குங்கள். ஷெர்லி ஜாக்சன் எழுதிய 'தி லாட்டரி', 1948 ஜூனில் 'நியூ யார்க்கர்' இதழில் வந்தது. ஒரு சின்ன அமெரிக்க ஊர். ஆண்டுக்கு ஒரு தடவை காலை பத்து மணிக்கு எல்லோரும் கூடிச் சீட்டுக் குலுக்குகிறார்கள். மதியச் சாப்பாட்டுக்குள் முடிந்துவிடும். யாருக்குக் கறுப்புப் புள்ளி விழுகிறதோ அவரைக் கல்லால் அடித்துக் கொல்வார்கள். இவ்வளவையும் முன்பே சொல்லிவிட்டேனே என்று கோபிக்க வேண்டாம். முடிவு தெரிந்தே படித்தால்தான் இந்தக் கதை முழுதாகப் பிடிபடும். டெஸ்ஸி என்ற பெண் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்ததில் நேரமாகி, சிரித்துப் பேசிக்கொண்டே கூட்டத்துக்கு வருகிறாள். சீட்டு அவள் குடும்பத்துக்கு விழுந்த பிறகுதான் இது நியாயமில்லை என்று கத்துகிறாள். அதுவரை அவளுக்கும் அது நியாயமாகத்தான் இருந்தது. தன் தலைக்கு வரும் ஆபத்தைக் குறைக்க, கட்டிக்கொடுத்த மகளையும் குலுக்கலில் சேர்க்கச் சொல்கிறாள். சற்று முன்பு அவளோடு சிரித்துப் பேசிய பக்கத்து வீட்டுக்காரி, இரண்டு கையாலும் தூக்க வேண்டிய அளவுக்குப் பெரிய கல்லாகப் பார்த்து எடுக்கிறாள்.

கதை வந்ததும் முந்நூறுக்கும் மேற்பட்ட கடிதங்கள் வந்து குவிந்தன. பலர் திட்டினார்கள். சிலர், இந்தக் குலுக்கல் எந்த ஊரில் நடக்கிறது, போய்ப் பார்க்க முடியுமா என்று விசாரித்தார்களாம். அதைப் பிற்பாடு ஜாக்சனே ஓர் உரையில் சொன்னார்.

அடுத்து ஆர்தர் மில்லரின் 'தி க்ரூசிபிள்' நாடகம். 1953-இல் மேடையேறியது. நம்ம சேலம் இல்லை, அமெரிக்காவில் மாசசூசெட்ஸில் இருக்கிற சேலத்தில் 1692-இல் நடந்த சூனியக்காரி வழக்குகள்தான் கதை. அமெரிக்காவில் கம்யூனிஸ்ட் என்று சந்தேகப்பட்டவர்களை எல்லாம் அரசு வேட்டையாடிக்கொண்டிருந்த காலத்தில் மில்லர் இதை எழுதினார். 1956-இல் அவரையே நாடாளுமன்ற விசாரணைக் குழுவின் முன் நிறுத்தி, மற்றவர்கள் பெயரைச் சொல் என்று கேட்டார்கள். அவர் சொல்லவில்லை. நாடகத்துக்காக நிறைய மாற்றியிருக்கிறார். பதினொன்று, பன்னிரண்டு வயதுச் சிறுமியைப் பதினேழு வயதுப் பெண்ணாக்கி, நிஜத்தில் அறுபதை எட்டியிருந்த விவசாயியோடு அவளுக்கு ஒரு கள்ளத்தொடர்பையும் கற்பித்திருக்கிறார். அதனால் நாடகத்தோடு வரலாற்றையும் சேர்த்துப் படியுங்கள். உங்கள் வட்டத்துக்கு வேண்டியது வரலாற்றில்தான் அதிகம் இருக்கிறது.

முதலில் யாரைக் கைகாட்டினார்கள் என்று பாருங்கள். பாதிரியார் வீட்டில் அடிமையாக வேலை செய்த டிட்டூபா, வீடு வீடாகப் பிச்சை கேட்டுக்கொண்டிருந்த ஒரு பெண், நோயில் கிடந்து தேவாலயத்துக்கு வராமல் இருந்த ஒரு பெண். பெரிய குடும்பத்துப் பெயர்கள் எல்லாம் பிறகுதான் வந்தன. குற்றத்தை ஒப்புக்கொண்டு அதிலேயே நின்றவர்கள் பிழைத்தார்கள். நான் செய்யவில்லை என்று உறுதியாகச் சொன்னவர்களில் 19 பேரைத் தூக்கில் போட்டார்கள். வாய் திறந்து பதில் சொல்ல மறுத்த முதியவர் ஒருவரைக் கல் அடுக்கி நசுக்கினார்கள்.

அதற்கப்புறம் நடந்ததுதான் உங்கள் கடிதத்துக்கு நேரான பதில். நீதிபதிகளில் ஒருவரான சாமுவேல் சூவல், 1697 ஜனவரியில் பாஸ்டன் தேவாலயத்தில், தன் குற்றத்தை ஒப்புக்கொண்ட சீட்டைப் பாதிரியார் சபை முழுக்கக் கேட்கும்படி வாசிக்க, எழுந்து நின்றார். 1706-இல், சிறுமியாக இருந்தபோது பலர்மீது புகார் சொன்ன ஆன் புட்னமும் அதேபோல் சபையில் நின்றார். சாத்தான் மயக்கிவிட்டான் என்று பாதிப் பழியைச் சாத்தான்மேல் போட்டார் என்பது வேறு கதை. 1711-இல் அரசு பல குடும்பங்களுக்கு இழப்பீடு கொடுத்தது. தலைமை நீதிபதி ஸ்டௌட்டன் மட்டும் கடைசிவரை மன்னிப்புக் கேட்கவே இல்லை. விடுபட்டுப்போன கடைசிப் பெண்ணின் பெயரிலிருந்து குற்றம் நீங்கியது 2022-இல், ஒரு பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் விடாமல் முயன்றதால்.

மூன்றாவது, சிலப்பதிகாரம். தெரிந்த கதைதானே என்பார்கள். 'யானோ அரசன் யானே கள்வன்' என்று பாண்டியன் விழுந்த இடத்தோடு நம்மில் பலர் நிறுத்திவிடுகிறோம். வஞ்சிக் காண்டத்தில் நீர்ப்படைக் காதை வரைக்கும் போங்கள். அந்தப் பாண்டியனுக்குப் பிறகு கொற்கையிலிருந்து ஆண்ட வெற்றிவேற் செழியன் பொற்கொல்லர் ஆயிரம் பேரை ஒரே பகலில் கண்ணகிக்குப் பலி கொடுத்தான் என்று மாடலன் என்ற அந்தணன் சேர மன்னன் செங்குட்டுவனிடம் சொல்கிறான். பொய் சொன்னது ஒரு பொற்கொல்லன். விசாரிக்காமல் கொல்லச் சொன்னது ஒரு மன்னன். செத்தது அந்தத் தொழில் செய்த ஆயிரம் பேர். காப்பியத்தின் முகப்பிலுள்ள உரைபெறு கட்டுரை, பஞ்சமும் நோயும் வந்த நாட்டில் இந்தப் பலிக்குப் பிறகு மழை பெய்து எல்லாம் சரியானது என்கிறது. அந்த ஆயிரம் பேர் வீட்டிலும் பெண்கள் இருந்திருப்பார்கள். அவர்கள் யாரிடம் போய் நீதி கேட்டிருப்பார்கள்? எனக்குத் தெரிந்து பள்ளிப் பாடத்தில் இதை யாரும் கேட்டதில்லை. வளையல் கிடைத்ததும், பீரோவைச் சரியாகப் பார்க்காத வீட்டுக்காரரை மட்டும் திட்டிவிட்டு மற்றவர்கள் கை கழுவும் ஆபத்து உங்கள் வட்டத்திலும் இருக்கிறது. அதற்காகவே இந்தப் பகுதியைச் சொல்கிறேன்.

காஃப்காவின் 'விசாரணை'யை யாராவது முன்மொழிவார்கள். அருமையான நாவல். ஆனால் அதில் குற்றம் சாட்டுகிறவர்களுக்கு முகம் கிடையாது. உங்கள் கதையில் எல்லோருக்கும் முகமும் ஃபிளாட் நம்பரும் இருக்கிறது. அர்சுலா லெ குவினின் 'ஓமெலாஸ்' சிறுகதையையும் தள்ளி வையுங்கள். ஒரு குழந்தையின் துன்பத்தில் வாழும் நகரத்தைவிட்டு விலகிப் போகிறவர்கள் அதில் வருகிறார்கள், நாமும் அவர்களோடு நடந்துவிட்டதாக எளிதில் நினைத்துக்கொள்வோம். விலகிப் போனவர்கள் அந்தக் குழந்தையை வெளியே தூக்கி வரவில்லை.

சரி, புத்தகத்துக்கு வெளியே. படம் போட்ட அதே வாட்ஸ்அப் குழுவில், வளையல் வீட்டிலேயே கிடைத்தது, அவர் எடுக்கவில்லை, நாம் விசாரிக்காமல் வேலையைவிட்டு நிறுத்தினோம் என்று எழுதுங்கள். வளையல் வீட்டுக்காரர் எழுதினால் நல்லது. அவர் மறுத்தால் நீங்கள் எழுதுங்கள், உங்கள் பெயரோடு. முதலில் எழுதுகிறவருக்கு நாலு பேச்சு விழத்தான் செய்யும். உள்ளே விடாதே என்று கேட்டில் இருக்கும் செக்யூரிட்டிக்கு ஏதாவது சொல்லி வைத்திருந்தால் அதையும் எடுக்கச் சொல்லுங்கள்.

பிறகு நேரில் போங்கள், கூட்டமாகப் போகாமல் ஒருவர் அல்லது இருவராக. வேலை இல்லாமல் இருந்த மாதங்களின் சம்பளத்தை நான்கு வீடும் கணக்குப் போட்டுக் கொடுக்க வேண்டும். அதைப் பழைய புடவையோடும் பலகாரத்தோடும் சேர்த்து உதவி மாதிரி நீட்டாதீர்கள். அது அவருக்குச் சேர வேண்டிய பணம். அவர் திட்டலாம், கதவைத் திறக்காமலும் போகலாம். மறுபடி வேலைக்கு வரச் சொல்லி வற்புறுத்தவும் வேண்டாம், கேட்டால் மட்டும் பேசுங்கள். மூன்றையும் படித்து முடிக்கட்டும் என்று இதற்காகக் காத்திருக்காதீர்கள். ஜாக்சன் கதை அரை மணி நேரத்தில் படித்துவிடக்கூடியது. அதைப் பேசி முடித்த வாரத்திலேயே போய் வந்துவிடலாம்.