அம்மாவின் முகம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஜப்பானிய திகில் சித்திரக்கதைக் கலைஞர் கஸுவோ உமெஸு 2024இல் மறைந்ததை ஒட்டி நீங்கள் எழுதிய குறிப்பை வாசித்தேன். வாழ்நாளெல்லாம் வரைந்த ஒருவர் 78 வயதில் திரைப்பட இயக்குநராக வேண்டிய அவசியம் என்ன? வீட்டுக்குச் சிவப்பு வெள்ளைப் பட்டை அடித்து வழக்கைச் சந்தித்தவர் என்பதால், அதுவும் கவனத்தை ஈர்க்கும் ஆசைதானோ என்று தோன்றுகிறது. என் பன்னிரண்டு வயது மகன் அவருடைய ‘தி டிரிஃப்டிங் கிளாஸ்ரூம்’ படிப்பதைக் கண்டேன். பிள்ளைகள் சாகும் கதை என்று தெரிந்ததும் வாங்கிப் பூட்டி வைத்துவிட்டேன். நான் செய்தது சரிதானே?

ஒரு வாசகி

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் கடைசி வரிக்காகவே இதை எழுதுகிறேன். சில வாரங்களாக உமெஸுவின் கதைகளில் வரும் தாய்மார்களைப் பற்றித்தான் யோசித்துக்கொண்டிருந்தேன். ஒரு தாயிடமிருந்தே கடிதம் வந்துவிட்டது.

வீட்டின் நிறத்தை விட்டுவிடுங்கள். அக்கம்பக்கத்தார் தொடுத்த வழக்கை 2009இல் டோக்கியோ மாவட்ட நீதிமன்றமே தள்ளுபடி செய்துவிட்டது. சுவரின் வண்ணத்தைக் கொண்டு ஒருவரின் கலையை எடைபோடுவது அநியாயம்.

உமெஸு 1936இல் கோயா மலையூரில் பிறந்து நாரா பகுதியில் வளர்ந்தவர். பள்ளி ஆசிரியரான தந்தை சொன்ன பாம்புப்பெண் கதை அவர் மனத்தில் தங்கிவிட்டது. 1965இல் சிறுமியருக்கான ‘ஷோஜோ ஃபிரெண்ட்’ வார இதழில், ‘அம்மாவைக் கண்டால் பயம்’ என்று பொருள்படும் தலைப்பில் அதைப் புதிதாக்கினார். தாயும் மகளும் பிரிந்து சேரும் கண்ணீர்க் கதைகளே அத்தகைய இதழ்களில் கொடிகட்டிப் பறந்த காலம் அது. மருத்துவமனையில் கிடக்கும் தாய், தன்னைப் பாம்பென்று நம்பும் ஒருத்தி அங்கே அடைபட்டிருப்பதாக மகளிடம் சொல்கிறாள்; பிறகு அந்த ஒருத்தியே தாயின் முகத்தோடு வீட்டுக்கு வந்து சேர்கிறாள். சோறு போடும் கை, கூப்பிடும் குரல், எல்லாம் அம்மாவுடையவை. ஆனால் அவள் அம்மா அல்ல என்பது அந்தச் சிறுமி ஒருத்திக்கு மட்டுமே தெரியும்.

எனக்கு ஐந்து வயதிருக்கும்போது, என் அம்மா பழனிக்கு நேர்ந்துகொண்டு முடியிறக்கிவிட்டு வந்தாள். வாசலில் நின்று என் பெயரைச் சொல்லிக் கைகளை நீட்டினாள். சந்தனம் பூசிய அந்தத் தலையைக் கண்டு அலறி, பாட்டியின் புடவைக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டேன். இரண்டு நாள் அவள் கையால் சாப்பிடவில்லை. மூன்றாம் நாள் இரவு, விளக்கணைத்த பிறகு, முகம் தெரியாத இருட்டில் அவளுடைய வளையல் சத்தத்தைக் கேட்டுத்தான் பக்கத்தில் போய்ப் படுத்தேன். அந்தப் பயம் அவள்மீது அன்பில்லாததால் வந்ததல்ல. அவளைத் தவிர எனக்கு வேறு போக்கிடம் இல்லை என்பதால் வந்தது. உமெஸு இதை அறிந்திருந்தார். அவரை இரத்தக்காட்சி வரைந்தவர் என்று ஒதுக்குகிறவர்கள் அவரைப் படித்ததே இல்லை.

நீங்களும் படிக்காமல்தான் பூட்டியிருக்கிறீர்கள், அதனால் கோபத்தோடுதான் சொல்கிறேன். 1972 முதல் 1974 வரை சிறுவர் இதழான ‘ஷோனென் சண்டே’யில் வந்த அந்தக் கதை, உங்கள் மகன் வயதுப் பிள்ளைகளுக்காகவே எழுதப்பட்டது. ஷோ என்ற சிறுவன் தாயோடு சண்டையிட்டு, இனி வீட்டுக்கே வரமாட்டேன் என்று கத்திவிட்டுப் பள்ளிக்குப் போகிறான். அன்றே பள்ளிக்கூடம் முழுவதும் மாணவர்களோடும் ஆசிரியர்களோடும் பாழ்பட்ட எதிர்காலத்தின் பாலைக்குள் போய்விடுகிறது. பிள்ளைகள் சாகிறார்கள், உண்மைதான். ஆனால் இங்கே நிகழ்காலத்தில் இருக்கும் தாய், காலத்தைக் கடந்து கேட்கும் மகனின் குரலை நம்பி, ஒரு விடுதி அறையின் சுவரை உடைத்து அதற்குள் கத்தியைப் புதைத்து வைக்கிறாள், கொலைகாரனிடம் சிக்கிய மகன் என்றோ ஒருநாள் அதை எடுத்துக்கொள்வான் என்று. கொள்ளைநோய்க்கு மருந்து தேவைப்படும்போது, இறந்துபோன ஒரு பேஸ்பால் வீரரின் உடலுக்குள் அதை மறைத்து எதிர்காலத்துக்கு அனுப்புகிறாள். ஊரே அவளைப் பைத்தியம் என்கிறது. அவள் நிற்கவில்லை. இப்படி ஒரு தாயைத்தான் நீங்கள் உங்கள் மகனிடமிருந்து பறித்து அலமாரியில் வைத்திருக்கிறீர்கள்.

சினிமா பற்றிக் கேட்டிருந்தீர்கள். 1995இல் ‘பதினான்கு’ தொடரை முடித்த பின், தசைநாண் அழற்சியால் தொடர்கள் வரைவதை நிறுத்திக்கொண்டார் அவர். 2014இல் வந்த அவருடைய படத்தின் பெயர் ‘மதர்’. ஜப்பானிய மரபு நாடகமான கபுகியின் நடிகர் கதாவோகா ஐனோசுகே அதில் உமெஸுவாகவே நடிக்க, இறந்துபோன தாய் திரும்பி வருகிறாள். 1965இல் வாசல்வரை வந்த அதே தாய்தான் அவள்.

புத்தகத்தை இன்று மாலையே மகனிடம் திருப்பிக் கொடுங்கள். அவன் முடித்ததும் நீங்கள் கேட்டு வாங்கிப் படியுங்கள். சுவருக்குள் கத்தி வைக்கும் பக்கத்துக்கு வந்ததும் எனக்கு எழுதுங்கள்.

அன்புடன்